ரெக்கார்டில் இருந்ததைத்தான் எழுதினேன்

எய்யா,

இதைத் தமிழில் எழுதுவதற்கு ஒரு காரணம் இருக்கிறது. நீ ஷார்ஜாவில் வளர்ந்த பிள்ளை, தமிழை எழுத்துக்கூட்டித்தான் படிப்பாய். இங்கிலீஷில் அனுப்பினால் லிஃப்டில் ஏறி இறங்குவதற்குள் கண்ணை ஓட்டிவிட்டு ஒரு கட்டைவிரல் படத்தைப் போட்டு முடித்துவிடுவாய். தமிழ் என்றால் உட்கார்ந்து படித்தாக வேண்டும். போனில் சொல்லியிருக்கலாம். ஆனால் எனக்கு முதலில் கோபம் வரும், அதன் பின்னாலேயே அழுகை வரும், நீ உடனே "அப்பாகிட்ட குடும்மா" என்பாய். அப்பாவிடம் கொடுத்தால் பேச்சு அதோடு முடிந்துவிடும். அதனால்தான் எழுதுகிறேன். நாலைந்து நாள் ஆனாலும் பரவாயில்லை, முழுதாகப் படி.

போன வாரம் தோஹாவிலிருந்து பேசும்போது உன் புது வேலையைப் பற்றிச் சொன்னாய். ஹெச்.ஆர். டிபார்ட்மென்ட், தனி மேஜை, உன் கையெழுத்து இல்லாமல் எந்தப் பேப்பரும் நகராது என்றெல்லாம் சொன்னாய். கேட்கச் சந்தோஷமாகத்தான் இருந்தது. பிறகு சிரித்துக்கொண்டே இதையும் சொன்னாய்: "அக்கவுண்ட்ஸ் பாக்க ஒரு பொண்ண எடுத்துருக்கோம்மா. அந்த கேட்டகரில விசா மாஃபி, ஒண்ணுகூட இல்ல. கிளீனர் விசா ஒண்ணு சும்மா கெடந்துச்சு, அதுல போட்டாச்சு. பேப்பர்தானம்மா." "லைன்ல இருக்கியா?" என்று கேட்டாய். அடுப்பில் என்னவோ தீய்கிறது என்று சொல்லி வைத்துவிட்டேன். அடுப்பில் ஒன்றும் இல்லை. அந்த 'பேப்பர்தான்' என்ற வார்த்தையை நீ என்னிடமிருந்துதான் கற்றுக்கொண்டாய் என்பது எனக்கு அந்த நிமிஷத்தில் தெரிந்தது, அவ்வளவுதான்.

இருபத்திரண்டு வருஷம் நீ படித்த ஸ்கூல் ஆபீசில் உட்கார்ந்து எழுந்தேன். போன மாதம் ஒரு சுவர்க் கடிகாரத்தைக் கையில் கொடுத்து அனுப்பிவிட்டார்கள். விசா கேன்சல் ஆகிவிட்டது. இன்னும் பத்து நாளில் நானும் அப்பாவும் ஊருக்கு விமானம் ஏறுகிறோம். ஷார்ஜா ரோலாவில் நம் ஃபிளாட் முழுக்க அட்டைப் பெட்டிகள். அப்பா கார்கோ ஆபீசுக்குப் போயிருக்கிறார். பெட்டிகளுக்கு நடுவில் ஒரு நாற்காலி மட்டும் மிச்சம் இருக்கிறது, அதில் உட்கார்ந்துதான் எழுதுகிறேன். ஊருக்குப் போவதற்கு முன்னால் ஒருத்தியைப் பற்றி உன்னிடம் சொல்லாமல் போக எனக்கு மனசு வரவில்லை.

ஆக்னஸ் மிஸ்ஸை உனக்கு ஞாபகம் இருக்குமா? இருக்கும். ரெண்டாம் கிளாஸில் உனக்கு எழுத்துகள் ஒன்றும் மனசில் நிற்கவில்லை. உன் பழைய மிஸ் டைரியில் 'ஸ்லோ' என்று சிவப்பு மையில் எழுதி அனுப்புவாள், நான் அதைப் பார்த்துவிட்டு உன் முதுகில் இரண்டு வைப்பேன். அந்தச் சமயத்தில்தான் உகாண்டாவிலிருந்து ஆக்னஸ் வந்தாள். அங்கே டீச்சர் ட்ரெய்னிங் முடித்து, ஒரு பிரைமரி ஸ்கூலில் வேலை பார்த்தவள். மூன்று வயது மகள் ஒருத்தியைத் தன் அக்காவிடம் விட்டுவிட்டு வந்திருந்தாள். அவளுடைய சர்டிபிகேட்டுக்கு அங்கே ஒரு ஆபீஸ், இங்கே ஒரு ஆபீஸ் என்று ஏகப்பட்ட முத்திரை வாங்க வேண்டும், டீச்சர் என்று அனுமதி வர மாசக்கணக்கில் ஆகும். ஸ்கூலுக்கோ அடுத்த வாரமே ஆள் வேண்டும். பஸ்ஸில் பிள்ளைகளோடு போய்வருகிற ஆயாவுக்கான விசா ஒன்று மட்டும் கையில் இருந்தது. விசா வேலையாக ஆபீஸ் ஆபீஸாக அலைகிற பி.ஆர்.ஓ., என் மேஜையில் சாய்ந்துகொண்டு, "மாஃபி முஷ்கில் சிஸ்டர், ஒரு பிரச்சினையும் இல்ல, இப்ப ஆயான்னு போடுங்க, அப்பறம் மாத்திக்கலாம்" என்றார். நான் டைப் அடித்தேன். ஆக்னஸ் எதிரில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். "என் டிப்ளமாவை இங்கே எங்கே எழுதுவீர்கள்?" என்று கேட்டாள். "இட்ஸ் ஒன்லி பேப்பர், டியர்" என்றேன். அவளைவிட எனக்கு இரண்டு வயதுதான் கூட. பெரிய மனுஷி மாதிரி தோளில் தட்டிக்கொடுத்தது இப்போதும் ஞாபகம் இருக்கிறது.

அப்புறம் மாற்றவே இல்லை. யாரும் வேண்டுமென்று செய்யவில்லை. ஒவ்வொரு தடவையும் புதுப்பிக்கிற நேரத்தில் தலைக்கு மேல் வேலை இருக்கும், பழைய ஃபாரத்தைப் பார்த்து அப்படியே அடித்துவிடுவேன். நாலு வருஷம் அவள் ரெண்டாம் கிளாஸ் பாடம் முழுவதும் எடுத்தாள். விசாவில் ஆயா என்று இருந்ததால் காலையும் மாலையும் பஸ் டியூட்டியும் அவள் தலையில்தான். அதில் லாபம் உனக்கு. பஸ் ரோலா சிக்னலில் நிற்கும்போதெல்லாம் உன்னை ஜன்னல் ஓரம் உட்கார வைத்து, கடை போர்டுகளை ஒவ்வொன்றாகப் படிக்கச் சொல்வாள். எக்ஸ்சேஞ்ச், சலூன், கஃபட்டீரியா, டைலர். புஸ்தகத்தில் நிற்காத எழுத்து உனக்குக் கடை போர்டில் நின்றது. ஒரு சாயங்காலம் பஸ்ஸை விட்டு இறங்கியதும், நம் பில்டிங்கின் கீழே இருந்த பார்மசி போர்டை நீயே சத்தமாகப் படித்தாய். நான் தெருவிலேயே உன்னைக் கட்டிக்கொண்டேன். ஆக்னஸ் பஸ் படியில் நின்று, ஏதோ தானே பரீட்சையில் பாஸ் ஆன மாதிரி கையை உயர்த்தினாள்.

இனி சொல்லப்போவது உனக்கு ஞாபகம் இருக்கக்கூடாது என்று நான் வேண்டாத சாமி இல்லை. இன்ஸ்பெக்‌ஷன் நாட்களில் அனுமதி இல்லாத டீச்சர் வகுப்பில் இருந்தால் ஸ்கூலுக்கு ஆபத்து. அதனால் அன்றைக்கு மட்டும் ஆக்னஸுக்கு ஆயாக்கள் போடும் மெரூன் கோட்டைக் கொடுத்து, பாத்ரூம் வாசலில் நிற்க வைப்போம். கோட்டை எடுத்துக் கொடுப்பது என் வேலை. அவள் வாங்கிப் பொத்தானைப் போடுவாள். ஒரு தடவை இன்ஸ்பெக்டர்கள் வராந்தாவில் வந்துகொண்டிருக்கும்போது நீ பாத்ரூம் பக்கம் ஓடி வந்தாய். அவளைப் பார்த்து நின்றுவிட்டாய். "அம்மா, ஆக்னஸ் மிஸ் ஏன் இங்க நிக்காங்க?" என்று ஊருக்கே கேட்கிற மாதிரி கேட்டாய். நான் உன் கையைப் பிடித்து இழுத்தேன். "எய்யா, பேசாம வா. அது மிஸ் இல்ல, ஆயா" என்றேன். இங்கிலீஷிலும் ஒரு தரம் சொன்னேன், வந்தவர்களுக்குக் கேட்கட்டும் என்று. எனக்கு நா கூசவில்லை. ஆக்னஸ் என்னைப் பார்க்கவில்லை, உன்னைத்தான் பார்த்தாள். நீ அன்று வீட்டுக்கு வந்து சோறு சாப்பிடவில்லை. ஏன் என்று நான் கேட்கவும் இல்லை.

நாலாவது வருஷம் முடியும்போது, டீச்சர் அனுமதி இனி வரப்போவதில்லை என்று அவளுக்குப் புரிந்துவிட்டது. ஊருக்குப் போய்விட்டாள். அங்கே பழைய ஸ்கூலிலேயே சேர்ந்தாள். ஒரு மழைக்காலத்தில் ஸ்கூல் கூரை பறந்துபோக, பெற்றவர்களைக் கூட்டிக்கொண்டு மாவட்ட ஆபீஸ் வாசலில் போய் உட்கார்ந்தாள். கூரை வந்தது. அடுத்த தேர்தலில் ஜனங்களே அவளை நிற்க வைத்து மாவட்டக் கவுன்சிலுக்கு அனுப்பினார்கள். கொஞ்ச நாளில் கல்விக் குழுவுக்குத் தலைவி ஆனாள். எனக்கு வாட்ஸ்அப்பில் எல்லாம் வரும். நான் 'மந்திரியம்மா' என்றுதான் அவளைக் கூப்பிடுவேன். அவள் முன்னறிவிப்பு இல்லாமல் ஸ்கூல்களுக்குப் போவாளாம். வாத்தியார் வரவில்லை என்றால் தானே பாடம் எடுக்க ஆரம்பித்துவிடுவாள். அந்த மனுஷன் அவசர அவசரமாக ஓடி வந்து வாசலில் நின்றால், "உட்காருங்கள் சார், பாடம் முடியட்டும்" என்று கடைசி பெஞ்சில் பிள்ளைகளோடு உட்கார வைப்பாளாம். இரண்டு தடவை உட்கார்ந்த வாத்தியார் மூன்றாவது தடவை லேட்டாக வந்ததில்லை என்று எழுதுவாள். குழந்தை பெற்றதால் படிப்பை விட்ட பெண்பிள்ளைகளை வீடு வீடாகப் போய்த் திரும்பக் கூட்டி வந்தாள். சர்ச்சில் திட்டினார்கள், அப்பன்மார் கல்லெடுத்தார்கள். அவள் வகுப்பறையை ஒட்டித் தகரக் கொட்டகை ஒன்று போட்டு, அந்தக் கைக்குழந்தைகளை அங்கே படுக்க வைத்தாள். அந்தப் போட்டோ இன்னும் என் போனில் இருக்கிறது.

பிறகு பார்லிமென்ட் தேர்தலுக்கு நின்றாள். ஜெயித்தால் கல்வி இலாகாவில் ஒரு பதவி நிச்சயம் என்று பேச்சு இருந்ததாம். 'ஒரு டீச்சரை அனுப்புங்கள்' என்பதுதான் அவளுடைய பிரசாரம். உள்ளூரில் இத்தனை வருஷம், வளைகுடாவில் நாலு வருஷம் பாடம் எடுத்தவள் என்று மேடைக்கு மேடை சொன்னாள். உண்மையைத்தான் சொன்னாள். எதிர்த்து நின்றவர்கள் எப்படியோ அவளுடைய பழைய விசா காப்பியைப் பிடித்துவிட்டார்கள். அவள் அங்கே கக்கூஸ் வாசலில் நின்றவள், டீச்சர் என்று பொய் சொல்கிறாள் என்று கிளப்பிவிட்டார்கள். ஆக்னஸ் எனக்கு எழுதினாள்: "ஆயா வேலை பார்த்திருந்தால் அதையே பெருமையாகச் சொல்லியிருப்பேன். ஆனால் என்னைப் பொய்க்காரி என்கிறார்கள். நான் பாடம் எடுத்தேன் என்று ஒரு கடிதம் கொடு. ஸ்கூல் கொடுக்காவிட்டால் உன் பெயரிலாவது கொடு."

அப்போது நீ பன்னிரண்டாவது படித்துக்கொண்டிருந்தாய், அதே ஸ்கூலில், ஸ்டாஃப் பிள்ளை என்ற சலுகையில். நான் பிரின்சிபாலிடம் போனேன். "அனுமதி இல்லாத டீச்சரை வச்சிருந்தோம்னு நம்ம கையாலேயே எழுதிக் கொடுக்கச் சொல்றீங்களா மேடம்?" என்று கேட்டார். வீட்டுக்கு வந்து அப்பாவிடம் சொன்னேன். "ஏட்டி, வம்ப வெலைக்கு வாங்காத. பரீட்ச முடியட்டும். நீ ஒண்ணும் அவள கெடுக்கலியே, சும்மா கெட" என்றார். அப்பாவைக் குற்றம் சொல்லாதே. அவர் அப்படிச் சொல்ல வேண்டும் என்றுதான் நான் கேட்டேன். ஆக்னஸுக்கு, பிரின்சிபால் லீவில் இருக்கிறார், பார்க்கிறேன் என்று பதில் போட்டேன். இரண்டு தடவை அதே பதிலைப் போட்டேன்.

மூன்றாவது வாரம் அவளை எதிர்த்து நின்றவருடைய வக்கீலிடமிருந்து ஸ்கூலுக்கு மெயில் வந்தது: இன்னார் உங்களிடம் என்ன பதவியில் வேலை பார்த்தார்? பிரின்சிபால் மீட்டிங்குக்குப் போகிற அவசரத்தில், "ரெக்கார்ட்ல இருக்கறத எழுதுங்க, அதுக்கு மேல ஒரு வார்த்தை வேண்டாம்" என்று சொல்லிவிட்டுப் போனார். மறுத்திருக்கலாம். நாளைக்கு என்று தள்ளியிருக்கலாம். தள்ளுவதில் நான் கெட்டிக்காரி என்று ஆக்னஸுக்கே தெரியும். இந்த ஒரு கடிதத்தை மட்டும் தள்ளவில்லை. இரண்டே வரி. 'எங்கள் பதிவேட்டின்படி அவர் ஆயாவாகப் பணியாற்றினார். நடத்தை நன்று.' கீழே என் கையெழுத்து, ஸ்கூல் சீல். டிபன் பாக்ஸைத் திறப்பதற்கு முன்னால் அனுப்பிவிட்டேன். 'நடத்தை நன்று' என்று எழுதியது அவளுக்கு நான் செய்த உதவி என்று அன்றைக்கு நிஜமாகவே நினைத்தேன் எய்யா. இவ்வளவு மடச்சியாக ஒருத்தி இருக்க முடியுமா என்று நீ கேட்கலாம். மடத்தனம் இல்லை, பயம். பயப்படுகிறவர்களுக்கு இந்த மாதிரிச் சமாதானங்கள் நன்றாக வாய்க்கும்.

அந்தக் கடிதத்தைப் பெரிதாக அச்சடித்து ஊர் முழுக்க ஒட்டினார்கள். ஒரு கடைச் சுவரில் இருந்ததை ஆக்னஸ் போட்டோ எடுத்து எனக்கு அனுப்பினாள். கூடவே ஒரு வரி: "இது உன் கையெழுத்துதானே?" அதற்கு நான் பதில் போடவே இல்லை. தேர்தலில் தோற்றாள். பொய்க்காரிக்குக் கல்விக் குழு எதற்கு என்று அதுவும் போனது. கொட்டகையைப் பிரித்துவிட்டார்களாம். எனக்குத் தெரிந்தது அவ்வளவுதான், ஏனென்றால் அதற்கு மேல் தெரிந்துகொள்ள நான் விரும்பவில்லை. ஏழு வருஷம் அந்த ஒரு வரிக் கேள்வி என் போனில் அப்படியே இருந்தது.

ஆபீசிலிருந்து அனுப்பிய மறுவாரம் எனக்குத் தைரியம் வந்தது. வேலை போன பிறகு வருகிற தைரியத்தை நீயே என்ன பேர் சொல்லி வேண்டுமானாலும் கூப்பிட்டுக்கொள். அவளுடைய பழைய நம்பர் வேலை செய்யவில்லை. முன்பு பஸ்ஸில் அவளோடு ஆயாவாக வந்த யாழ்ப்பாணத்துப் புஷ்பா அக்காவிடம் கேட்டேன். "அவ இப்ப குவைத்திலயெல்லோ இருக்கிறா, மங்காஃபில. உமக்குத் தெரியாதே?" என்றார். ஐம்பதை நெருங்குகிற வயதில், ஒரு குடும்பத்தில் வீட்டு வேலைக்கு வந்திருக்கிறாள். மகளின் படிப்புக்காக வந்தாளாம். வெள்ளிக்கிழமை அவளுக்கு லீவு. கூப்பிட்டேன். என் குரலைக் கேட்டதும் அவள் போனை வைத்துவிடுவாள் என்று நினைத்தேன். வைக்கவில்லை. உன்னைத்தான் முதலில் விசாரித்தாள். பிறகு சொன்னாள்: "இந்தத் தடவை விசாவில் போட்டிருக்கிற வேலையும் நான் பார்க்கிற வேலையும் ஒன்றுதான். யாரும் என்னைப் பொய்க்காரி என்று சொல்ல முடியாது." சிரித்தாள். அந்த வீட்டுப் பிள்ளைகளுக்கு ஹோம்வொர்க் சொல்லிக் கொடுப்பதும் அவள்தான் என்று கொஞ்ச நேரம் கழித்துச் சொன்னாள். நான் அழுதேன். அவள் அழவில்லை. என்னைச் சமாதானமும் செய்யவில்லை, அது நியாயம்தான்.

நடந்தது எல்லாவற்றையும் என் பெயரில் எழுதித் தருகிறேன் என்றேன். எனக்கு இனி எதற்கு, என்றாள். தேர்தல் முடிந்துபோயிற்று, அந்த ஜனங்கள் வேறு ஆளைப் பார்த்துக்கொண்டார்கள். பிறகு, "என் மகளுக்கு அனுப்பு" என்றாள். "அவள் அந்தப் போஸ்டரைத்தான் நம்புகிறாள்." மிரெம்பே என்று பெயர், உன்னைவிட மூன்று நாலு வயது சின்னவள். அம்மா தூர தேசத்தில் டீச்சராக இருக்கிறாள், அதனால்தான் உன் பக்கத்தில் இல்லை என்று சொல்லிச் சொல்லித்தான் பெரியம்மா அவளை வளர்த்திருக்கிறாள். அவள் ஹைஸ்கூல் படிக்கும்போது, போகிற வழியெல்லாம் என் கையெழுத்து ஒட்டியிருந்தது. அன்றிலிருந்து அம்மாவோடு பேச்சு குறைந்து, இப்போது பணம் வந்ததா, வந்தது என்பதோடு நின்றுவிட்டது. டீச்சர் ட்ரெய்னிங்கில் இடம் கிடைத்தும் போகாமல் வேறு படிப்புக்குப் போய்விட்டாள்.

நான் மூன்று பக்கம் எழுதினேன். ஒன்றையும் மறைக்கவில்லை. ஆயா கோட்டை எழுதினேன், பி.ஆர்.ஓ. சொன்னதை எழுதினேன், வக்கீல் மெயிலை எழுதினேன். மிரெம்பேயிடமிருந்து மறுநாளே பதில் வந்தது. "அந்தக் கடிதத்தில் கையெழுத்துப் போட்டதும் நீங்கள்தானே? அப்போது உண்மை என்றீர்கள். இப்போது இது உண்மை என்கிறீர்கள். அம்மா கேட்டுக்கொண்டதற்காக எழுதுகிறீர்கள் என்று நினைக்கிறேன்." அந்தப் பிள்ளை கேட்டதில் ஒரு தப்பும் இல்லை. ரெக்கார்டைத் தவிர வேறு எதையும் எழுதத் தெரியாதவள் என்று ஊர் அறிய நானே காட்டியிருக்கிறேன், என்னை யார் நம்புவார்கள்?

உன்னிடம் இரண்டு காரியம் கேட்கிறேன். ஒன்று, நாளைக்கு ஆபீஸ் போனதும் அந்த அக்கவுண்ட்ஸ் பெண்ணின் பேப்பரைத் திரும்ப எடு. உன் மேனேஜர் திட்டுவார், லேட்டாகும், உனக்கு வேலை தெரியவில்லை என்பார். வாங்கிக்கொள். அப்புறம் மாற்றலாம் என்று மட்டும் சொல்லாதே. அந்த அப்புறம் எனக்கு வரவே இல்லை. அவள் பத்து வருஷம் கழித்து எங்கே போய் என்ன ஆகப்போகிறாள் என்று உனக்குத் தெரியாது, ஆக்னஸைப் பற்றி அன்றைக்கு எனக்கும் தெரியாது.

இரண்டாவது, மிரெம்பேயின் நம்பரை இதோடு வைத்திருக்கிறேன். அவளுக்கு நீ எழுது. நான் ஆபீசில் இருந்தவள், நீ அந்த வகுப்பில் பெஞ்சில் உட்கார்ந்திருந்தவன். அவள் அம்மா டீச்சராக இருந்தாள் என்பதற்கு இனி வேறு ரெக்கார்ட் இல்லை, நீதான் இருக்கிறாய். உனக்கு எப்படிப் படிக்க வந்தது, யார் பக்கத்தில் உட்கார்ந்து சொல்லிக் கொடுத்தது, எல்லாம் எழுது. பாத்ரூம் வாசலில் நீ என்ன கேட்டாய், உன் கையைப் பிடித்து இழுத்தது யார், அவள் என்ன சொன்னாள் என்பதையும் எழுது. அம்மாவைப் பற்றி எப்படி இதை எழுதுவது என்று உனக்குக் கை நிற்கும். எனக்குத் தெரியும், நீ அப்படிப்பட்ட பிள்ளை. தயவுசெய்து எய்யா, அந்த இடத்தில் என்னைக் காப்பாற்றி எழுதிவிடாதே.

அம்மா